ஏற்காட்டு வீட்டின் கீழ்த்தளச் சுவரில் ஒரம்பு (மண்ணுக்குள்ளிருந்து ஊறி வரும் தண்ணீர்): வெளியே தோண்டித் தார் ஷீட் ஒட்டினால் நிற்குமா?

கேள்வி இதுதான். ஏற்காட்டில் சரிவில் கட்டிய வீடு. ரோட்டுப் பக்கம் நின்று பார்த்தால் ஒரு தளம், பள்ளத்துப் பக்கம் நின்று பார்த்தால் இரண்டு. கீழ்த்தளத்தின் பின்சுவர் 30 அடி நீளம், 8 அடி உயரம், முழுக்க மண்ணுக்குள். மூன்று வருடமாக ஈரம். உள்பக்கம் இரண்டு முறை வாட்டர்ப்ரூஃப் பூச்சு அடித்தாகிவிட்டது. இரண்டு முறையும் அடுத்த ஐப்பசியில் பொக்களம் கட்டி உரிந்துவிட்டது. வெளிப்பக்கம் தோண்டித் தார் ஷீட் ஒட்டிவிடலாம் என்கிறார் மேஸ்திரி. செய்யலாமா?

செய்யலாம், வெளிப்பக்கம்தான் சரியான பக்கம். ஆனால் தார் ஷீட்டை ஒட்டிவிட்டுத் தோண்டிய மண்ணையே திருப்பித் தள்ளி மூடுவதாக இருந்தால் வேண்டாம். சேலத்தில் இருந்துகொண்டு மலைமேலும் கீழுமாகக் கட்டட வேலை பார்க்கிறவன் நான். ஈரச் சுவர் என்று கூப்பிட்ட வீடுகளில் பெரும்பாலும் நான் பார்த்தது பூச்சின் குறையை அல்ல, தண்ணீருக்குப் போக வழி இல்லாத குறையை. வழியை முதலில் வெட்டுங்கள், பூச்சு அதற்குப் பிறகு.

மேஸ்திரியிடம் பேசும்போது ஒரு சொல்லைத் தெளிவாக்கிக்கொள்ளுங்கள். நம் பக்கம் 'பேஸ்மட்டம்' என்றால் தரைக்கு மேலே தெரிகிற அடித்தள உயரம் என்றுதான் கொத்தனார் எடுத்துக்கொள்வார். 'பேஸ்மெண்ட்டுக்கு வாட்டர்ப்ரூஃப்' என்று போனில் சொல்லிவிட்டுப் போனவருக்கு, பெல்ட்டுக்கு (அடித்தளத்தின் மேல் சுற்றி ஓடும் கான்கிரீட் பட்டைக்கு) கீழே ஒன்றரை அடிக்குச் சிமெண்ட் பால் அடித்து வைத்திருந்த கதையும் உண்டு. மண்ணுக்குள் இருக்கிற சுவர், வெளிப்பக்கம் என்று இடத்தைக் கைகாட்டிச் சொல்லிவிடுவது நல்லது.

உள்பூச்சு ஏன் நிற்கவில்லை என்று பார்ப்போம். தேங்கி நிற்கும் தண்ணீர் ஒவ்வொரு மீட்டர் ஆழத்துக்கும் ஒரு சதுர மீட்டருக்கு ஒரு டன் வீதம் அழுத்தும். உங்கள் சுவர் 2.4 மீட்டர். பின்னால் இருக்கிற மண் மேல்மட்டம் வரை தண்ணீர் கோத்து நின்றால், சுவரின் அடியில் ஒரு சதுர அடிக்கு ஏறக்குறைய 220 கிலோ. 30 அடி நீளத்துக்கும் கணக்குப் போட்டால் தண்ணீர் மட்டும் 26 டன் தள்ளுகிறது. மண்ணின் தள்ளல் தனி. இந்தத் தண்ணீர் சுவருக்குள் புகுந்து, உள்பூச்சை முதுகிலிருந்து நெம்புகிறது. எவ்வளவு விலை கொடுத்து வாங்கிய பூச்சானாலும் அது கழன்று வரத்தான் பார்க்கும். அதே பூச்சு வெளிப்பக்கம் இருந்தால் அதே அழுத்தம் அதைச் சுவரோடு சேர்த்து ஒட்ட வைக்கிறது.

இனி, இந்தத் தண்ணீர் எங்கிருந்து வருகிறது? சேர்வராயன் மலையின் உடம்பு சார்னோக்கைட் என்கிற கெட்டியான கரும்பாறை. அதற்கு மேல் இற்றுப்போன பாறை, அதற்கும் மேல் செம்மண். மழைத்தண்ணீர் செம்மண்ணில் இறங்கும், இற்றுப்போன பாறை வரை போகும், கெட்டிப் பாறையைத் தொட்டதும் கீழே இறங்க இடமில்லாமல் சரிவோடு வழுக்கிக்கொண்டு வரும். நம் விவசாயிகள் ஒரம்பு என்பது இதைத்தான். சரிவை வெட்டி வீட்டை உட்கார வைத்தபோது, அந்த ஒரம்பு வருகிற பாதையை உங்கள் பின்சுவர் குறுக்கே மறித்துவிட்டது.

இதோடு நாமே செய்த ஒரு தவறும் சேர்ந்துகொள்ளும். சுவர் கட்ட வசதியாக நாலடி அகலம் கூடுதலாக வெட்டுவார்கள். கட்டி முடித்ததும் அந்த இடைவெளியில் உடைந்த செங்கல், காலி சிமெண்ட் பை, கலவைக் கழிவு, அள்ளிய மண் எல்லாவற்றையும் தள்ளி மூடுவார்கள். சுற்றிலும் கெட்டி நிலம், நடுவில் பொலபொலவென்ற நிரப்பு மண். மழை பெய்தால் அக்கம்பக்கத்துத் தண்ணீரெல்லாம் அந்த இளக்கமான மண்ணுக்குள்தான் இறங்கும். உங்கள் சுவருக்குப் பின்னால் 30 அடி நீளத்துக்கு ஒரு தொட்டியைக் கட்டி, மேலே மண்ணைப் போட்டு மறைத்துவைத்த மாதிரி. அந்தத் தொட்டிக்கு ஓட்டை போடாமல் சுவரில் எத்தனை ஷீட் ஒட்டினாலும், ஏதோ ஒரு மூட்டில் தண்ணீர் வழி கண்டுபிடிக்கும்.

பழைய எஸ்டேட் பங்களாக்களைக் கவனித்துப் பாருங்கள். நான் பார்த்த பலவற்றில் பின்சுவரை மலையோடு ஒட்டியே கட்டவில்லை. மலையை வெட்டி, அதற்குத் தனியாகக் கருங்கல் தாங்குசுவர் வைத்து, மூன்று நான்கு அடி சந்து விட்டு, சந்தில் ஒரு வாய்க்கால், அப்புறம்தான் வீடு. தாங்குசுவரின் துளைகள் வழியே ஒரம்பு வாய்க்காலில் விழுந்து ஓடிவிடும். பூச்சும் கிடையாது, ஷீட்டும் கிடையாது. இன்றைக்கு சென்ட் விலையில் அந்த நாலடியை விட யாருக்கும் மனசு வருவதில்லை. அந்த நாலடிக்குப் பதிலாகத்தான் இவ்வளவு வேலை.

கடப்பாரையை எடுக்கும் முன் மூன்று சோதனைகள். காசு செலவில்லை.

முதலாவது, இது ஒரம்புதானா, வேர்வையா என்று பார்ப்பது. ஏற்காட்டு மூடுபனி வீட்டுக்குள் வந்தால், மண்ணை ஒட்டிய குளிர்ந்த சுவரில் பட்டுத் தண்ணீராகப் பூக்கும், குளிர்ந்த சொம்பின் வெளிப்பக்கம் முத்து முத்தாக வேர்ப்பது போல. ஈரமான இடத்தைத் துடைத்து, இரண்டடிக்கு இரண்டடி பிளாஸ்டிக் தாள் ஒன்றை நாலு ஓரமும் காற்றுப் போகாமல் டேப் போட்டு ஒட்டுங்கள். இரண்டு நாள் கழித்து, தாளுக்கும் சுவருக்கும் நடுவில் ஈரம் இருந்தால் சுவர் வழியாகத் தண்ணீர் வருகிறது. தாளின் வெளிப்பக்கம், அறையைப் பார்த்த முகத்தில் ஈரம் இருந்தால் அது காற்றிலிருந்து வருவது. அதற்குத் தோண்ட வேண்டியதே இல்லை. பனி இறங்கும் நேரத்தில் சன்னலைச் சாத்துவதும் வெயில் நேரத்தில் திறப்பதும், பீரோவைச் சுவரிலிருந்து ஒரு சாண் நகர்த்துவதும் போதும். இரண்டு பக்கமும் ஈரம் என்றால் இரண்டு நோயும் இருக்கிறது.

இரண்டாவது, நேரக் கணக்கு. மழை பிடித்து ஒன்றிரண்டு மணி நேரத்திலேயே சுவர் நனைந்தால், கூரைத் தண்ணீரோ முற்றத்துத் தண்ணீரோ நேராகச் சுவரோரம் இறங்குகிறது. மழை விட்டு இரண்டு மூன்று நாள் கழித்து நனைந்து வாரக்கணக்கில் காயாமல் இருந்தால், சரிவிலிருந்து வரும் ஒரம்பு. பங்குனி வெயிலிலும் அதே இடத்தில் அதே ஈரம் என்றால் மழையை விட்டுவிட்டுக் குழாயைச் சந்தேகப்படுங்கள்.

மூன்றாவது அந்தக் குழாய்ச் சோதனை. மேட்டுப் பக்கம் தண்ணீர்த் தொட்டியோ செப்டிக் டேங்கோ இருக்கிறதா? இரவு தொட்டியின் வால்வை மூடி, மட்டத்தில் சாக்பீஸ் கோடு போட்டு, காலையில் பாருங்கள். ஒரு வீட்டில் இரண்டு வருடம் மலையைத் திட்டிக்கொண்டிருந்தார்கள். கடைசியில் மேல்வீட்டுத் தரைத்தொட்டியில் ஒரு விரிசல், அவ்வளவுதான்.

நேரக் கணக்கு கூரையைக் காட்டினால் முதலில் அதைச் சரிசெய்யுங்கள். 1000 சதுர அடிக் கூரையில் 5 சென்டிமீட்டர் மழை விழுந்தால் 4,600 லிட்டர் தண்ணீர். கோடை மழையில் ஒரு சாயங்காலத்துக்குள் அவ்வளவு கொட்டும். அதை மழைக்குழாய் வழியாகச் சுவரோரம் கொட்டவிட்டுவிட்டு ஒரம்பைப் பற்றிப் பேசுவதில் அர்த்தமில்லை. குழாயை நீட்டி வீட்டைத் தாண்டிப் பள்ளத்துப் பக்கம் விடுங்கள். மேட்டுப் பக்கம், சுவரிலிருந்து பத்தடி தள்ளி, சரிவுக்குக் குறுக்காக ஒன்றரை அடி ஆழத்தில் ஒரு மறிப்பு வாய்க்கால் வெட்டி இரண்டு பக்கமும் வழிய விடுங்கள். சுவரோரத் தரை வீட்டைப் பார்த்துச் சாயாமல், வெளியே பத்தடிக்கு அரையடி என்ற கணக்கில் சாய வேண்டும். மேட்டுப் பக்கம் அதற்கு இடமில்லாவிட்டால் அந்த வாய்க்கால் வரையாவது. இவ்வளவு செய்துவிட்டு ஒரு மழைக்காலம் பொறுத்துப் பார்க்க முடிந்தால் பாருங்கள். சில வீடுகளில் கதை இத்தோடு முடிந்துவிடும்.

முடியவில்லை என்றால் தோண்டத்தான் வேண்டும். இங்கே நான் கொஞ்சம் கறாராகப் பேசுவேன், ஏனென்றால் இந்த வேலையில் பூச்சு சரியில்லாமல் போனால் காசு போகும், தோண்டுவது சரியில்லாமல் போனால் ஆள் போய்விடும்.

முதலில் உள்ளே போய்ச் சுவரை நேர்க்கோட்டில் பாருங்கள். பாதி உயரத்தில் கிடையாக ஒரு விரிசல் ஓடினாலோ, நூல் பிடித்துப் பார்த்தால் சுவர் அறைக்குள் புடைத்திருந்தாலோ, இது வாட்டர்ப்ரூஃப் வேலையே இல்லை. கட்டமைப்புப் பொறியாளரைக் கூப்பிடுங்கள். 8 அடி மண்ணைத் தாங்க வெறும் ஒன்பது அங்குலச் செங்கல் சுவர் வைத்த வீடுகளும் இருக்கின்றன. சுவர் சரியாக இருந்தாலும் 30 அடியையும் ஒரே மூச்சில் திறக்காதீர்கள். ஆறு ஏழு அடி அகலத்துக்கு ஒன்று விட்டு ஒன்றாகத் திறந்து, முடித்து, மூடிவிட்டு, மிச்சத்தைத் திறக்க வேண்டும். இடுப்புக்கு மேல் ஆழம் போனால் பலகை முட்டுக் கொடுக்காமல் யாரும் குழிக்குள் இறங்கக் கூடாது. செம்மண் காய்ந்திருக்கும்போது செங்குத்தாக நிற்பது போலத்தான் இருக்கும், சொல்லாமல் சரியும். ஒரு கன மீட்டர் மண் ஒன்றரை டன்னுக்கு மேல். அள்ளிய மண்ணைக் குழியின் விளிம்பிலேயே குவிக்காமல் நாலைந்து அடி தள்ளிப் போடச் சொல்லுங்கள். அஸ்திவாரத்தின் அடிமட்டத்துக்குக் கீழே ஒரு சாண்கூடத் தோண்டக் கூடாது. மலையில் ஜேசிபி இறக்குவதாக இருந்தால் அனுமதி பற்றி முன்கூட்டியே கேட்டுவிடுங்கள்.

காலம் தை முதல் பங்குனி வரை. சித்திரையில் கோடை மழை தொடங்கிவிடும், அதற்கப்புறம் தென்மேற்கு, அதைத் தொட்டு வடகிழக்கு. ஏற்காட்டில் காய்ந்த சுவர் வேண்டுமென்றால் இந்த மூன்று மாதம்தான்.

சுவர் வெளியே தெரிந்ததும் அது என்ன சுவர் என்று பாருங்கள். கான்கிரீட் சுவரா, செங்கல்லா, கருங்கல் கட்டா, ஹாலோ பிளாக்கா? கடைசியாகச் சொன்னது மண்ணுக்குள் வரவே கூடாத ஜாதி. ஒவ்வொரு கல்லின் வயிற்றிலும் தண்ணீர் தங்கும், வெளியே நாம் அடைத்த பிறகும் பல மாதம் உள்ளே கசிந்துகொண்டே இருக்கும். கான்கிரீட் என்றால் மூன்று இடங்களில் கண் வையுங்கள். ஜல்லி தெரிகிற தேன்கூடு மாதிரியான ஓட்டை இடங்கள்; சென்ட்ரிங் அடிக்கும்போது பலகையை இழுத்துப் பிடிக்கப் போட்ட கம்பித் துளைகள்; தளமும் சுவரும் சேருகிற மூட்டு. தண்ணீர் உள்ளே வருவது பரந்த சுவர் வழியாக அல்ல, பெரும்பாலும் இந்த மூன்றில் ஒன்றின் வழியாக. தேன்கூட்டைக் கெட்டியான கான்கிரீட் வரை கொத்தி எடுத்துச் சுருங்காத கலவையால் அடைக்க வேண்டும். கம்பித் துளையைச் சுற்றி ஒரு அங்குலம் கொத்தி அதேபோல். மூட்டில் இரண்டு அங்குலத்துக்கு இரண்டு அங்குலம் சாய்வாகக் கலவை வைத்து, மூலையை உருட்டிவிட வேண்டும். நேர் மூலையில் மடிக்கிற எந்த ஷீட்டும் அங்கேதான் முதலில் கிழியும்.

செங்கல், கருங்கல் சுவராக இருந்தால் 1:4 கலவையில் (சிமெண்ட் ஒன்று, மணல் நாலு) வாட்டர்ப்ரூஃப் மருந்து சேர்த்து இரண்டு கை பூச்சு பூசி, ஏழு நாள் தண்ணீர் அடித்து ஆற்றி, அதன் மேல்தான் அடுத்தது. மருந்து வாங்கும்போது ஐஎஸ் 2645 முத்திரை இருக்கிறதா என்று பாருங்கள்.

அடுத்தது பூச்சா, தார் ஷீட்டா? மேஸ்திரி சொல்லும் தார் ஷீட், அதாவது ஏபிபி மெம்ப்ரேன், நல்ல பொருள்தான். ஆனால் அதற்கு எலும்பு போலக் காய்ந்த சுவர் வேண்டும். ப்ரைமர் அடித்து, கேஸ் டார்ச்சில் உருக்கி ஒட்டுகிறபோது சுவரில் ஈரம் இருந்தால் ஆவி கிளம்பி ஷீட்டுக்குள் காற்றுக் குமிழ் கட்டும். மூன்று வருடம் தண்ணீர் குடித்த சுவர் ஒரு வாரத்தில் காயாது. காலை பத்து மணி வரை பனி வேறு. அதனால் ஏற்காட்டில் பழைய சுவருக்கு என் ஓட்டு, சிமெண்ட் தூளும் பாலிமர் திரவமும் கலந்து பூசுகிற இரட்டைப் பொருள் பூச்சுக்கு. அதை லேசாக ஈரமாக உள்ள சுவரிலேயே பூசலாம், பூசவும் வேண்டும். முதல் கை கிடையாக, அது இறுகியதும் இரண்டாம் கை செங்குத்தாக, உருட்டிய மூலையில் மட்டும் நடுவில் கண்ணாடி நூல் வலை வைத்து. புதுக் கட்டடம், புதுக் கான்கிரீட், மழையில்லாத மாதம் என்றால் 4 மில்லிமீட்டர் தார் ஷீட்டுக்கே போங்கள். ஒன்றின் மேல் ஒன்று நாலு அங்குலம் ஏறியிருக்க வேண்டும். கான்கிரீட்டுக்குள் ஊடுருவிப் படிகமாக வளர்ந்து அடைக்கிற மருந்து என்று ஒன்று விற்கிறார்கள். பொய்யில்லை, வேலை செய்யும். ஆனால் அதற்கு கான்கிரீட் வேண்டும். செங்கல் சுவருக்கும் கருங்கல் கட்டுக்கும் அதை விற்க வந்தால் டீ கொடுத்து அனுப்பிவிடுங்கள்.

பூச்சின் மேல் நேராக மண் படக் கூடாது. இதை நான் என் கைக்காசில் கற்றேன். பல வருடம் முன்பு மலையில் ஒரு வீட்டுக்கு அழகாக ஷீட் ஒட்டி முடித்தோம். சாயங்காலம் ஜேசிபிக்காரர் மண்ணோடு சேர்த்து ஒரு குண்டுக்கல்லையும் தள்ளிவிட்டார். நான் அப்போது கீழே சேலத்தில். அடுத்த மழைக்கு அதே அறை, அதே மூலை. திரும்பத் தோண்டிப் பார்த்தால் உள்ளங்கை அகலத்துக்கு ஒரு கிழிசல். அதற்குப் பிறகு மூடுகிற அன்றைக்கு வேறு எந்த சைட்டுக்கும் போவதில்லை. பூச்சின் மேல் குமிழ் குமிழாகப் புடைத்த எச்டிபிஇ பிளாஸ்டிக் ஷீட்டைத் தொங்கவிடுங்கள். டிரெயின் போர்டு என்று கேட்டால் சேலத்துக் கடைகளில் சொல்லி வரவழைத்துத் தருவார்கள். அது பூச்சைக் கல் குத்தாமல் காக்கும். குமிழ்களுக்கு நடுவில் உள்ள இடைவெளியில் தண்ணீர் அழுத்தம் கொடுக்காமல் வழிந்து கீழே இறங்கவும் செய்யும்.

கீழே இறங்கிய தண்ணீரை வாங்கிக்கொண்டு போகிற குழாய்தான் இந்த வேலையின் உயிர். அஸ்திவாரத்தை ஒட்டி, அறையின் தரைமட்டத்துக்குக் கீழே, ஆனால் அஸ்திவாரத்தின் அடிக்கு மேலே, துளையிட்ட 4 அங்குல பிவிசி குழாய். நூற்றுக்கு ஒன்று வாட்டம். உங்கள் 30 அடிக்கு மூன்றரை அங்குலம் இறங்கினால் சரி. முதலில் குழியில் நெய்யாத வகை ஜியோ டெக்ஸ்டைல் துணியை விரித்து, அதில் அரையடிக்கு 20 மில்லிமீட்டர் கழுவிய ஜல்லி, அதன் மேல் குழாய், குழாயைச் சுற்றியும் மேலும் ஓரடிக்கு ஜல்லி, பிறகு துணியை மடித்துப் போர்த்திவிட வேண்டும். துணி இல்லாவிட்டால் செம்மண் குழம்பு இரண்டே வருடத்தில் ஜல்லியை அடைத்துவிடும். கிரஷர் தூசியோடு வந்த ஜல்லியை அப்படியே கொட்டவும் கூடாது.

துளைகள் எந்தப் பக்கம்? பத்தில் ஒன்பது பேர் வானத்தைப் பார்த்து வைப்பார்கள், தண்ணீர் மேலிருந்துதானே வருகிறது என்று. தண்ணீர் ஜல்லிக்குள் இறங்கி, அடியிலிருந்து மட்டம் ஏறி வரும். துளை மேலே இருந்தால் நாலு அங்குலம் தேங்கிய பிறகுதான் குழாய்க்குள் போகும். அந்த நாலு அங்குலமும் உங்கள் மூட்டில் நிற்கும். துளைகள் கீழ்ப்பக்கம் இரண்டு ஓரமாக, கடிகாரத்தில் நாலு மணி, எட்டு மணி இருக்கிற இடத்தில் இருக்கட்டும். மேட்டு முனையில் குழாயைச் செங்குத்தாகத் தரைக்கு மேலே கொண்டுவந்து மூடி போட்டு வையுங்கள். பின்னாளில் ஹோஸ் விட்டுக் கழுவ அது ஒன்றுதான் வழி.

மலையில் உங்களுக்கு ஒரு கொடுப்பினை உண்டு. குழாயை வீட்டின் பக்கவாட்டில் சுற்றிக் கொண்டுபோனால் பள்ளத்துப் பக்கம் தானாக வெளியே வந்துவிடும். மோட்டார் வேண்டாம், கரண்டு வேண்டாம். வாய்க்கு எலி புகாமல் வலை போட்டு, விழும் இடத்தில் நாலு கருங்கல் பதித்து, பக்கத்துக் காப்பித் தோட்டத்தில் பாயாமல் ஓடையில் சேருங்கள். சேலத்துச் சமதளத்தில் கடைக்கடியில் கார் நிறுத்த அண்டர்கிரவுண்டு போடுகிறவர்களுக்கு இந்த வசதி இல்லை. அங்கே குழாயை ஒரு குழிக்குள் விட்டுத் தானாக ஓடும் மோட்டாரால் இறைத்தாக வேண்டும். மழை கொட்டும்போதுதான் கரண்டு போகும் என்பதால் மோட்டாரை இன்வெர்ட்டரிலோ ஜெனரேட்டரிலோ இணைக்காமல் விடுவது வீண்.

மேலே நிரப்புவதற்குச் சுவரை ஒட்டி ஓரடி அகலத்துக்கு ஜல்லியோ கரடுமுரடான கிராவலோ, அதற்கப்பால் சுத்தமான மண், ஓரடிக்கு ஓரடி கைத்திமிசால் இடித்து. ரோலர் ஏற்ற வேண்டாம், ஈரச் சுவர் பாரம் தாங்காது. கடைசி ஓரடி மட்டும் களிமண் கலந்த செம்மண்ணை இடித்துப் பூசிய மாதிரி மூடி, வெளிப்பக்கம் வாட்டம் கொடுங்கள். ஜல்லியை மேலே வரை திறந்தே விட்டால் மழையை நாமே கூப்பிட்டு உள்ளே விட்டதாகும். அதன் மேல் சில்வர் ஓக், பலா எதுவும் வைக்காதீர்கள்; செம்பருத்தி வேண்டுமானாலும் நாலடி தள்ளி.

பின்னால் பக்கத்து வீட்டுச் சுவர் ஒட்டி நிற்கிறது, தோண்டவே முடியாது என்கிறவர்களுக்கு: கான்கிரீட் சுவரானால் கசிகிற இடங்களில் துளையிட்டு பாலியூரித்தேன் என்கிற, உள்ளே இறுகி அடைக்கும் திரவத்தை ஏற்றலாம். இல்லாவிட்டால் உள்ளே சுவரடியில் ஒரு சிறு வாய்க்கால் வெட்டி, இரண்டு அங்குலம் தள்ளி மெல்லிய பொய்ச்சுவர் எழுப்பி, வருகிற தண்ணீரை மறைவாக வெளியே அனுப்பிவிடலாம். இரண்டாவது வழியில் சுவர் நனைந்துகொண்டேதான் இருக்கும். அறை மட்டும் காயும்.

உங்கள் உள்சுவருக்கு வருவோம். வெளிவேலை முடிந்த கையோடு உள்ளே பெயிண்ட் அடித்துவிடாதீர்கள். பழைய பூச்சை அடிச்சுவர் தெரியும்வரை கொத்தி எடுத்துவிட்டு, வெள்ளையாகப் பூத்திருக்கும் உப்பைக் காய்ந்த பிரஷ்ஷால் தேய்த்து அள்ளிப் போடுங்கள். தண்ணீர் ஊற்றிக் கழுவினால் உப்பு மறுபடி உள்ளேயே போகும். சுவரை அப்படியே ஒரு மழைக்காலம் மூச்சுவிட விடுங்கள். அவசரமென்றால் சுண்ணாம்பு அடித்துக்கொள்ளலாம். முதல் பெருமழைக்கு அடுத்த நாள் குடையை எடுத்துக்கொண்டு பள்ளத்துப் பக்கம் இறங்கிக் குழாய் வாயைப் பாருங்கள். தெளிந்த தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தால் சரி. முதல் ஓரிரு நாள் கலங்கி வந்தாலும் பரவாயில்லை. வாரக்கணக்கில் செம்மண் நிறமாகவே வந்தால் துணி எங்கேயோ விலகியிருக்கிறது. மழை பெய்தும் ஒரு சொட்டுக்கூட வரவில்லை, சுவரும் ஈரம் என்றால், மேட்டு முனை மூடியைத் திறந்து ஹோஸை விட்டுப் பார்த்துவிட்டு எழுதுங்கள்.